வரையாமல் விட்ட கை

"நான் எப்படிச் செத்தேன்?"

என்னிடம் இப்படிக் கேட்டவர் அப்போது உயிரோடுதான் இருந்தார். வாயில் இரண்டு குண்டூசிகளைக் கவ்விக்கொண்டு, என் அத்தையின் மஞ்சள் குடையை மடியில் விரித்துப் போட்டு, கிழிசலைத் தைத்துக்கொண்டிருந்தார். எழுபது வயது இருக்கும். கேட்டுவிட்டு, அடுத்து என்ன ஆச்சு என்று கதை கேட்கிற குழந்தை மாதிரி என் முகத்தையே பார்த்தார்.

இந்தக் கேள்வி எப்படி வந்தது என்று சொல்ல வேண்டுமானால் அத்தையிலிருந்துதான் தொடங்க வேண்டும்.

அத்தை என்றால் என் அப்பாவின் தங்கை. ஓவியர் தெருவைச் சுற்றிக் காட்டுவது அவள் தொழில். ஐம்பது வருடங்களுக்கு முன்பு, வாடகை மலிவு என்பதற்காகப் படம் வரைகிறவர்களும் சிலை செய்கிறவர்களும் வந்து நிறைந்த தெரு அது. அவர்களால் தெருவுக்குப் பெயர் வந்தது. பெயர் வந்ததும் வாடகை ஏறியது. ஏறிய வாடகை அவர்களையே வெளியே தள்ளிவிட்டது. இப்போது அவர்கள் இருந்த வீடுகளைப் பார்க்க வெளியூர் ஆட்கள் டிக்கெட் வாங்கிக்கொண்டு வருகிறார்கள். காலை பத்து மணிக்கு ஒரு நடை, மாலை நான்கு மணிக்கு ஒரு நடை.

அத்தை முன்னால் போவாள், ஆனால் பின்னோக்கி நடப்பாள். வருகிறவர்களின் முகத்தைப் பார்த்துப் பேசினால்தான் பேச்சு ஏறும் என்பாள். குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, தெருவுக்கு முதுகைக் காட்டியபடி, ஒரு கல்கூடத் தடுக்காமல் போவாள். அதற்குக் காரணம் நான். நான் வரிசையின் கடைசியில் வருவேன். ஒரு கையைத் தூக்கினால் யாரோ பின்தங்கிவிட்டார்கள், நில்லுங்கள் என்று அர்த்தம். இரண்டு கையையும் தூக்கினால் உங்கள் முதுகுக்குப் பின்னால் ஏதோ இருக்கிறது, திரும்பிப் பாருங்கள் என்று அர்த்தம். வண்டியோ குழியோ நாயோ, எதுவாகவும் இருக்கலாம். பதினோரு வருடத்தில் அத்தை ஒரே ஒரு முறைதான் விழுந்திருக்கிறாள். அது நான் வருவதற்கு முன்பு.

"கடைசியில வர்றா பாருங்க, அவ என் அண்ணன் பொண்ணு" என்று ஒவ்வொரு நடையின் தொடக்கத்திலும் சொல்வாள். "பேசமாட்டா. அவளுக்குக் குடுக்க வேண்டிய வாயையும் சேர்த்து ஆண்டவன் எனக்கே குடுத்துட்டான். ஆனா நீங்க தொலைஞ்சு போனா அவதான் கண்டுபிடிப்பா. அதனால அவளைப் பகைச்சுக்காதீங்க."

எல்லோரும் திரும்பிப் பார்த்துச் சிரிப்பார்கள். நான் தரையைப் பார்ப்பேன். வரிசையின் வால் என்பதால் எனக்கு அத்தை வைத்த பெயர் 'வாலு'.

நான் ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள். எழுந்து நின்று பாடத்தை வாசி என்றால் தொண்டைக்குள் யாரோ கதவைச் சாத்திவிடுவார்கள். ஒரு வருடம் முழுக்க எழுந்து நின்றதுதான் மிச்சம். "வீட்டுல உட்கார்ந்து என்ன பண்ணப்போறே?" என்று அப்பா கேட்டபோது அத்தைதான் குறுக்கே வந்தாள். "என்கூட அனுப்புண்ணா. முன்னாடி கத்தறதுக்கு நான் இருக்கேன். பின்னாடி பார்க்கத்தான் ஆள் இல்லை."

ஒன்பதாம் வகுப்புக்கு வாங்கிய நோட்டுகளில் ஆறு, எழுதாமல் மீந்துபோயிருந்தன. அவற்றில் நான் எழுதத் தொடங்கினேன். வரிசையின் கடைசியில் வருகிறவர்கள் குரலைத் தாழ்த்துவதில்லை. கணவனைப் பற்றி, செருப்புக் கடியைப் பற்றி, என் அத்தையின் மூக்கைப் பற்றி எல்லாம் பேசுவார்கள். அதையெல்லாம் எழுதிவைப்பேன். எழுதுகிறேன் என்று வீட்டில் யாருக்கும் தெரியாது.

முதல் நிறுத்தம் பழைய வண்ணப்பொடிக் கடை. இப்போது அங்கே செல்போன் உறை விற்கிறார்கள். ஆனால் வாசல்படியில் ஊறிப்போன நீலம் இன்னும் போகவில்லை. இரண்டாவது, சிலைக்காரரின் கொட்டகை. இப்போது வண்டி நிறுத்துமிடம். மூலையில் தலையில்லாத சுண்ணாம்புக் குதிரை ஒன்று நிற்கிறது. அதன் வயிற்றில் பதினான்கு என்று எண் எழுதி, அதையும் ஒரு வண்டிக்கணக்கில் சேர்த்துவிட்டார்கள். இரண்டு இடத்திலும் எல்லோரும் சிரிப்பார்கள்.

மூன்றாவது நிறுத்தத்தில்தான் அழுவார்கள்.

அது ஒரு மாடி வீடு. மேலே அகலமான ஒரு ஜன்னல். அந்த ஜன்னலோரத்தில் ஒரு பெண் உட்கார்ந்திருப்பதாக ஓர் ஓவியர் வரைந்த படம், தெருக்கோடியிலுள்ள காட்சிக்கூடத்தில் இருக்கிறது. தோளில் நீலத் துப்பட்டா, வெளிச்சத்தின் பக்கம் லேசாகத் திரும்பிய முகம். எல்லாம் வரைந்திருக்கிறார், இடது கையை மட்டும் வரையவில்லை. கை இருக்க வேண்டிய இடத்தில் வெறும் படத்துணி தெரிகிறது. சட்டத்தின் மூலையில் ஒரு கறுப்புத் துணி கட்டியிருக்கிறது.

அத்தை அந்தப் படத்தின் அச்சு அட்டையைத் தூக்கிக் காட்டி, குரலை அப்படியே இறக்குவாள். "இந்தப் பொண்ணுக்கு அப்ப இருபத்திரண்டு வயசு. பதினோரு நாள் உட்கார்ந்தா. பன்னிரண்டாவது நாள் காய்ச்சல். இதே அறையிலதான் உயிர் போச்சு. கையை மட்டும் வரையறதுக்குள்ள ஆளே இல்லை. அந்த மனுஷன் படத்து மூலையில கறுப்புத் துணியைக் கட்டிவெச்சார். அப்புறம் சாகிற வரைக்கும் தூரிகையால அந்தக் கையைத் தொடவே இல்லை."

எல்லோரும் அண்ணாந்து ஜன்னலைப் பார்ப்பார்கள். கைக்குட்டைகள் வெளியே வரும். அத்தைக்கும் ஒவ்வொரு முறையும் கண் கலங்கும். அது நடிப்பில்லை.

ஒருநாள் காற்றில் குடை கிழிந்தது. "மூணாவது ஸ்டாப்பு மாடியில ஒரு தையலம்மா இருக்காங்களாம், ஜிப்பு மாத்தறவங்க. குடுத்துத் தைச்சுட்டு வா" என்று அத்தை அனுப்பினாள்.

போனேன். சுவரெல்லாம் நூல்கண்டு. ஜன்னலோரத்தில் தையல் மெஷின், பக்கத்தில் மடித்து அடுக்கிய கால்சட்டைகள், ஒவ்வொன்றிலும் அளவு எழுதிக் குத்திய துண்டுச் சீட்டு. தையலம்மாவுக்குக் காது சரியாகக் கேட்காது. முப்பது வருடம் ஆயத்த ஆடைத் தொழிற்சாலையில் நாற்பது மெஷின்களின் நடுவில் உட்கார்ந்து தைத்ததில் போன காது.

குடையைப் பார்த்ததும் என்னை அடையாளம் கண்டுகொண்டார். "நீ அந்தக் கடைசிப் பொண்ணுதானே? எனக்கு ரொம்ப நாளா ஒரு சந்தேகம். அந்தக் குடைக்காரம்மா கீழே நின்னு என்ன சொல்றாங்க? தினமும் ரெண்டு வேளை கூட்டமா வந்து, என் ஜன்னலைப் பார்த்து எல்லாரும் மூஞ்சியைத் தொங்கப்போட்டுக்கறாங்க. நான் என்ன பண்ணினேன்?"

நான் வாயைத் திறந்தேன். வழக்கம்போலக் கதவு சாத்திக்கொண்டது. திறந்திருந்தாலும் அவருக்குக் கேட்டிருக்காது. பையிலிருந்து நோட்டை எடுத்து, படத்தையும் அந்தப் பெண்ணையும் பற்றி அத்தை சொல்வதை எழுதி நீட்டினேன். காய்ச்சல் வரைக்கும்தான் எழுதியிருந்தேன்.

கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தார். தோள் குலுங்கியது. அழுகிறார் என்று பயந்துவிட்டேன். சிரித்துக்கொண்டிருந்தார்.

"அடிப்பாவி, அது நான்தான்!" என்றார். குண்டூசிகளை மறுபடி வாயில் வைத்துக்கொண்டு கேட்டார். "அப்புறம்? நான் எப்படிச் செத்தேன்?"

மீதியையும் எழுதிக் காட்டினேன். கறுப்புத் துணி வந்த இடத்தில் சிரிப்புத் தாங்காமல் மெஷினைப் பிடித்துக்கொண்டார். "அதுவா? வர்ணம் காயலை, யாரும் தொடாதீங்கன்னு கட்டறது அது! இந்தத் தெருவுல ஒவ்வொரு வீட்டுலயும் பத்துப் பதினைஞ்சு கட்டியிருக்கும். உங்க அத்தை கணக்குப்படி பார்த்தா தெருவே மாண்டு மசானமாயிருக்கணுமே."

பிறகு நடந்ததைச் சொன்னார். அந்த ஓவியருக்குக் கை வரைய வரவே வராதாம். முகத்தை இரண்டு நாளில் முடித்துவிட்டார். மிச்ச ஒன்பது நாளும் கைதான். பகலெல்லாம் வரைவார், சாயங்காலம் அழிப்பார். "அசையாதே, அசையாதேன்னு உயிரை வாங்கினார். வரையறதும் அழிக்கறதும்... என் கை என்ன கரும்பலகையா? பன்னிரண்டாவது நாள் எழுந்தேன். அந்தத் துப்பட்டாவை மடிச்சு நாற்காலியில வெச்சேன். வந்துட்டேன். ஒரு வார்த்தை சொல்லலை."

அவர் கூப்பிடவில்லையா என்று எழுதிக் கேட்டேன்.

"கூப்பிட்டாரே. 'ஐயோ, கை, கை'ன்னு. மனுஷி போறாளேன்னு இல்லை, கை போகுதேன்னு கவலை."

இருபது வருடம் கழித்து அந்த அறை காலியானபோது வாடகைக்கு எடுத்ததும் தையலம்மாதான். "படத்துக்கு நல்ல வெளிச்சம்னா ஊசிக்கும் நல்ல வெளிச்சம்தானே?"

அதிலிருந்து தினமும் காலை நடை முடிந்ததும் மாடிக்குப் போவேன். "இன்னைக்கு எத்தனை பேர் அழுதாங்க?" என்பார். விரலைக் காட்டுவேன். "ரெண்டே பேரா? ஏன், உங்க அத்தைக்கு உடம்பு சரியில்லையா?" என்பார். ஐந்து விரலையும் காட்டிய அன்று எனக்கு ஒரு பாவாடைக்குக் கரை மடித்துத் தைத்துக் கொடுத்தார். தன் சாவு நன்றாக ஓடுகிறது என்பதில் அவருக்கு அப்படி ஒரு சந்தோஷம். அத்தையிடம் சொல்ல வேண்டுமென்று அவருக்கும் தோன்றவில்லை, எனக்கும் தோன்றவில்லை.

அப்போதுதான் நகரசபையிலிருந்து கடிதம் வந்தது. மூன்றாவது நிறுத்தத்து வீட்டுச் சுவரில் ஒரு கல் பதிக்கப் போகிறார்கள். அதற்கான வாசகத்தை அத்தைதான் எழுதித் தர வேண்டும். கீழே சின்ன எழுத்தில் அவள் பெயரும் இருக்கும். ஆபீசர் சனிக்கிழமை காலை நடையில் கூடவே வந்து, கதையை நேரில் கேட்டு, இடத்தை அளந்து, சம்மதம் சொல்வார்.

அத்தை கடிதத்தைக் கண்ணாடி அலமாரியில் சாய்த்து வைத்தாள். புதுச் செருப்பு வாங்கினாள். வாசகத்தை ஏழு முறை மாற்றி எழுதிவிட்டு எனக்கு வாசித்துக் காட்டினாள்: "இந்த அறையில்தான், ஓவியம் முடியுமுன்னே, அவள் உயிர் நீத்தாள்."

அதை அப்படியே எழுதித் தையலம்மாவிடம் காட்டினேன். இந்த முறை அவர் சிரிக்கவில்லை.

"வாயால சொல்ற சாவு காத்தோட போயிடும்" என்றார். "கல்லுல வெட்டினா? அதுக்குப் பக்கத்துலயே பையைத் தூக்கிட்டு நான் எப்படிக் கடைக்குப் போவேன்? தினமும் என் சாவைத் தாண்டித்தானே வீட்டுக்குள்ள வரணும்?" மெஷினில் மாட்டியிருந்த துணியை நீவிவிட்டார். "உங்க அத்தைகிட்டச் சொல்லிடும்மா. நான்தான் அதுன்னு ஊருக்குக் காட்டிக்குடுக்க வேண்டாம். இன்னொரு தடவை என்னை உட்கார வெச்சு வேடிக்கை பார்க்கறதெல்லாம் வேண்டாம். ஆனா செத்துட்டேன்னு வெட்ட விட்டுடாதே."

தலையாட்டினேன். தலையாட்டுவது சுலபம்.

வெள்ளிக்கிழமை வரைக்கும் என்னால் முடியவில்லை. அத்தை பாடிக்கொண்டே தோசைக்கல்லைத் துலக்கும்போது அந்த முகத்தைப் பார்த்து எதைச் சொல்வது? வெள்ளி மாலை நடை முடிந்து வந்து, வழக்கம்போல வெந்நீர்த் தொட்டியில் காலை வைத்து உட்கார்ந்தாள். நான் நோட்டைத் திறந்து அவள் மடியில் வைத்துவிட்டு, சுவரோரமாகப் போய் நின்றுகொண்டேன். தையலம்மா சொன்னதெல்லாம் அவர் சொன்ன மாதிரியே நான்கு பக்கத்துக்கு இருந்தது.

"இது யாரு எழுதினது?"

என் நெஞ்சைத் தொட்டுக் காட்டினேன்.

"நீயா?" முதல் பக்கத்தைப் படித்துவிட்டு என்னைப் பார்த்தாள். "இவ்வளவு பேச்சையும் உள்ளேயே வெச்சிருந்தியாடி?" சிரித்துக்கொண்டே அடுத்த பக்கத்துக்குப் போனாள். அங்கே சிரிப்பு நின்றது. மறுபடி முதலிலிருந்து படித்தாள். தொட்டியில் ஆவி அடங்கிவிட்டது.

"உயிரோட இருக்காங்களா?"

தலையாட்டினேன்.

"கறுப்புத் துணி... காயலைன்னு அர்த்தமா?" ஈரக் காலைத் தரையில் வைத்தாள். "பதினோரு வருஷமா நான் பொய்யா சொல்லிட்டிருந்தேன்?"

இல்லை என்று வேகமாகத் தலையை அசைத்தேன்.

"ஆமா. தெரியாம சொன்னா தப்பு. இனிமே சொன்னாத்தான் பொய்." சற்றுநேரம் அலமாரியிலிருந்த கடிதத்தைப் பார்த்தாள். பிறகு எனக்குத் தெரியாத ஒரு சின்னக் குரலில் பேசினாள். "இந்தத் தெருவுல வாழ்ந்த ஒருத்தர் விடாம எல்லார் பேரும் எனக்கு மனப்பாடம், வாலு. யார் கேட்டாலும் தூக்கத்துல சொல்வேன். என் பேரு எங்கேயாவது ஒரு இடத்துல எழுதியிருக்கா சொல்லு? நாளைக்கு ஒரு நாள் மட்டும் சொல்லிட்டா என்ன? அவங்களுக்குத்தான் காது கேட்காதே."

அடுப்பிலிருந்த சுடுநீரைக் கொண்டுவந்து தொட்டியில் ஊற்றினேன். அவள் கால்களை மறுபடி உள்ளே வைத்துக்கொண்டாள். நோட்டைத் திருப்பித் தரவில்லை.

சனிக்கிழமை ஆபீசரோடு சேர்த்துப் பதினைந்து பேர். ஆபீசர் அளவுநாடாவை இடுப்பில் செருகியிருந்தார். அத்தை அன்று சுண்ணாம்புக் குதிரையருகே எல்லோரையும் சிரிக்க வைத்த மாதிரி என்றும் வைத்ததில்லை. ஆனால் என் பக்கம் மட்டும் பார்க்கவே இல்லை. மூன்றாவது நிறுத்தம் வந்ததும் ஆபீசர் சுவரை அளந்து, பென்சிலால் நான்கு புள்ளிகள் வைத்தார். அத்தை அந்தப் புள்ளிகளைப் பார்த்தாள். வீட்டுக்கு முதுகைக் காட்டி நின்று அட்டையைத் தூக்கினாள். குரலை இறக்கினாள்.

"இந்தப் பொண்ணுக்கு அப்ப இருபத்திரண்டு வயசு. பதினோரு நாள் உட்கார்ந்தா. பன்னிரண்டாவது நாள்..."

நான் இரண்டு கைகளையும் தூக்கினேன்.

பழக்கம் அப்படி. பேச்சை நடுவில் விட்டுவிட்டு அத்தை சட்டென்று திரும்பினாள். தெருவில் வண்டி இல்லை, நாய் இல்லை. என்ன என்று தேடிய கண் மேலே போனது.

தையலம்மா ஒரு கால்சட்டையின் கரையை வெளிச்சத்தில் பார்த்துத் தைத்துக்கொண்டிருந்தார். வலது கையில் ஊசி. இடது கை ஜன்னல் கட்டையின் மேல் துணியை அழுத்திப் பிடித்திருந்தது. ஐந்து விரலும் தெரிந்தன.

இந்த இடத்தில் நின்று எத்தனை ஆயிரம் முறை கதை சொல்லியிருப்பாள். எப்போதும் ஜன்னலுக்கு முதுகைக் காட்டித்தான் சொல்லியிருக்கிறாள். வந்தவர்கள் எல்லோரும் பார்த்த ஜன்னலை, கதை சொல்லும் நேரத்தில் அவள் பார்த்ததே இல்லை. ஓர் அட்டை கையில், ஒரு முகம் மேலே. ஆபீசர் தொண்டையைச் செருமினார். அத்தை மெதுவாக இந்தப் பக்கம் திரும்பினாள்.

"பன்னிரண்டாவது நாள் எழுந்து போயிட்டா" என்றாள்.

ஓர் அம்மாள் கைக்குட்டையை ஏற்கெனவே எடுத்து வைத்திருந்தார். "எழுந்து போயிட்டான்னா... தவறிட்டாங்களா?"

"இல்லைங்கம்மா. சலிச்சுப்போச்சு, போயிட்டா. அந்த மனுஷனுக்குக் கை வரைய வராது. ஒன்பது நாள் வரையறார், அழிக்கறார், வரையறார், அழிக்கறார். 'என் கை என்ன கரும்பலகையா?'ன்னு நினைச்சா. துப்பட்டாவை மடிச்சு நாற்காலியில வெச்சா. ஒரு வார்த்தை சொல்லலை."

என் நோட்டில் நான் எழுதிய வரிகள் அத்தையின் பெரிய குரலில் தெருவெல்லாம் கேட்டன. என் காது சூடாகிவிட்டது. கைக்குட்டைக்கார அம்மாள்தான் முதலில் சிரித்தார். 'ஐயோ, கை, கை' என்று ஓவியர் கத்தியதை அத்தை செய்து காட்டியபோது ஒருவர் சுவரைப் பிடித்துக்கொண்டார். கறுப்புத் துணி வந்த இடத்தில், "தெருவே மாண்டு மசானமாயிருக்கணுமே" என்றதும் பின்வரிசை வரைக்கும் குலுங்கியது. குதிரையிடம் சிரித்ததெல்லாம் இதற்கு முன்னால் ஒன்றுமில்லை.

ஆபீசர் மட்டும் சிரிக்கவில்லை. "அப்ப இந்த வீட்டுல யாரும் சாகலையா?"

"எனக்குத் தெரிஞ்சு இல்லைங்க."

"அப்ப நான் கல்லுல என்னன்னு போடறது?"

"எழுந்து போனான்னு போடுங்களேன்."

"அதுக்கெல்லாம் விதியில இடமில்லைங்கம்மா" என்று வருத்தத்தோடுதான் சொன்னார். நாடாவைச் சுருக்கி இடுப்பில் செருகிக்கொண்டார். அத்தை அந்த நான்கு பென்சில் புள்ளிகளை ஒருமுறை பார்த்தாள். புதுச் செருப்பின் நுனியால் தரையைத் தேய்த்தாள். அவ்வளவுதான்.

"அப்புறம் அந்தப் பொண்ணு எங்கதான் போனாங்க?" என்று யாரோ கேட்டார்கள்.

அத்தை அன்று முதல் முறையாக என்னைப் பார்த்தாள். "தெரியாதுங்க" என்றாள். "எங்கேயாவது நல்ல வெளிச்சத்துல உட்கார்ந்திருப்பாங்க."

எல்லோரும் வழக்கம்போல அண்ணாந்து ஜன்னலைப் பார்த்தார்கள். சிரித்துக்கொண்டே பார்த்தார்கள். அவர்களுக்கு அங்கே தெரிந்தது, கால்சட்டை தைக்கும் ஒரு வயதான அம்மாள் மட்டும்தான்.

தையலம்மா கீழே பார்த்தார். ஒரு முகம் விடாமல் பார்த்துவிட்டுக் கடைசியில் என்னிடம் வந்தார். எத்தனை பேர் என்று புருவத்தைத் தூக்கினார். நான் ஐந்து விரலையும் மடக்கி, வெறும் முட்டியைக் காட்டினேன். ஒருத்தர்கூட இல்லை.

அவர் கண்ணாடியைக் கழற்றி வைத்தார். கால்சட்டையை நகர்த்திவிட்டு இடது கையை ஜன்னல் கட்டையின் மேல் விரித்து வைத்தார். முகத்தை வெளிச்சத்தின் பக்கம் லேசாகத் திருப்பினார். அத்தை கையிலிருந்த அட்டையைத் தூக்கப் போனவள், பாதியில் நிறுத்தி, அதைத் தன் நெஞ்சோடு திருப்பிப் பிடித்துக்கொண்டாள்.

நான் இரண்டு முறை தலைகளை எண்ணி முடிக்கும் நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தார், அசையாமல். பிறகு அவருக்குச் சலித்துவிட்டது போலிருக்கிறது. எழுந்தார். துணியை மடித்து நாற்காலியில் வைத்தார். ஒரு வார்த்தை பேசாமல் உள்ளே போய்விட்டார்.